ராடில் இருக்கும் நம்பர்

பழைய ரயில் எஞ்சினுக்குத் துரு எடுத்து, பழுது பார்த்து, ஜனங்கள் பார்க்கிற மாதிரி நிறுத்தி வைப்பதுதான் என் பிழைப்பின் பிற்பாதி. முற்பாதி ரயில்வே ஒர்க்ஷாப்பில் ஃபிட்டர் வேலை. எஞ்சினைப் பார்க்க வருகிறவர்கள் என்னிடம் கேட்பது பெரும்பாலும் இரண்டே கேள்விதான். பிள்ளைகள், "தாத்தா, இது ஓடுமா?" என்பார்கள். கொஞ்சம் வயதானவர்கள், "இது எந்த லைன்ல ஓடிச்சுங்க?" என்பார்கள். முதல் கேள்விக்கு ஒரு வார்த்தையில் பதில் முடிந்துவிடும். இரண்டாவதுதான் ஆளைத் திணறடிக்கும். அதற்குப் பதில் வைத்திருக்கிற எஞ்சின்தான் அருங்காட்சியகப் பொருள். பதில் இல்லாதது பெயின்ட் அடித்த இரும்பு. நான் செய்த வேலையெல்லாம் அந்த இரண்டாவது கேள்விக்காகத்தான்.

எனக்குச் சொந்த ஊர் திருமுக்கூடல். பாலாறும் செய்யாறும் வேகவதியும் கூடுகிற இடம். எதிர்க்கரையில் பழையசீவரம். மாட்டுப் பொங்கலன்று காஞ்சி வரதர் அந்த மலைக்கு எழுந்தருளி, ஆற்றைக் கடந்து எங்கள் ஊருக்கு வருவார். எங்களுக்கு ரயில் ஏறுவதென்றாலும் அக்கரைக்குத்தான் போக வேண்டும். ஆற்று மணலில் நடந்து பழையசீவரம் நிலையத்துக்குப் போனால் செங்கல்பட்டு - அரக்கோணம் மீட்டர்கேஜ் வண்டி வரும். பாலூர், பழையசீவரம், வாலாஜாபாத், நத்தப்பேட்டை, காஞ்சிபுரம் என்று அது நின்று நின்று போகும். இன்று அது அகலப்பாதை. ஆற்றுக்கும் பாலம் வந்துவிட்டது.

அந்த மீட்டர்கேஜுக்கும் முன்னால் காஞ்சிபுரத்துக்கு வேறொரு பாதை இருந்தது என்பது ஒர்க்ஷாப்பில் சேர்ந்த பிறகுதான் எனக்குத் தெரியும். 1856இல் மெட்ராஸ் ரயில்வே ராயபுரத்திலிருந்து அரக்கோணம் வழியாக வாலாஜா ரோடு வரை அகலப்பாதை போட்டது. தண்டவாளங்களுக்கு நடுவே ஐந்தரை அடி. காஞ்சிபுரம் அந்தப் பாதையிலிருந்து ஒதுங்கி நின்றது. கோயிலும் பட்டும் உள்ள ஊருக்குக் கிளைப்பாதை வேண்டும், ஆனால் அகலப்பாதைக்குச் செலவு அதிகம். 'இந்தியன் டிராம்வே கம்பெனி' என்ற ஒன்று முன்வந்து, அரக்கோணத்திலிருந்து காஞ்சிபுரம் வரை சுமார் 19 மைல் தூரத்துக்கு மூன்றரை அடி அகலத்தில் பாதை போட்டு, 1865இல் வண்டி விட்டது. ஆஸ்திரேலியாவின் குவீன்ஸ்லாந்தில் அதே மூன்றரை அடிப் பாதை தொடங்கியதும் அதே ஆண்டில்தான். உலகமே அப்போதுதான் சின்னப் பாதையைப் பரிசோதித்துக்கொண்டிருந்தது. பரோடாவில் கெய்க்வாட் மகாராஜா 1862இல் தபோய்க்கும் மியாகாமுக்கும் இடையே இரண்டரை அடிப் பாதை போட்டு, முதலில் மாடு கட்டித்தான் இழுக்க வைத்தார்.

சின்னப் பாதையின் நியாயம் முழுக்கப் பணம். தண்டவாளம் கனம் குறைவு, பாலம் சிறியது, மண்வேலை குறைவு, குறுகிய வளைவிலும் வண்டி திரும்பும். அதன் தொல்லை சந்திப்பு நிலையத்தில் இருக்கிறது. அரக்கோணத்தில் பெரிய வண்டியிலிருந்து ஒவ்வொரு மூட்டையையும் இறக்கிச் சின்ன வண்டியில் ஏற்ற வேண்டும். பாதை போட்டபோது மிச்சம் பிடித்த பணம் கூலியாக மெல்லக் கரையும். இதற்கிடையில் 1870இல் வைஸ்ராய் மேயோ பிரபு, இனிச் சிக்கனப் பாதைக்கு ஒரு மீட்டர்தான் அளவு என்று முடிவு செய்தார். கம்பெனி கர்நாடிக் ரயில்வே என்று பெயர் மாறி, 1874இல் தென்னிந்திய ரயில்வேக்குள் கலந்தது. 1878இல் மூன்றரை அடிப் பாதையைப் பிரித்து மீட்டர்கேஜ் ஆக்கிவிட்டார்கள். மொத்தம் 13 ஆண்டு வாழ்க்கை. அந்த 13 ஆண்டில் ஓடிய எஞ்சினோ பெட்டியோ, ஒரு சக்கரமோகூட, நான் போன எந்த அருங்காட்சியகத்திலும் என் கண்ணில் பட்டதில்லை.

தருமபுரிப் பக்கம் போனாலும் இதே கதைதான். பஞ்ச காலத்தில் தானியம் கொண்டுபோக வசதியாக இரண்டரை அடிப் பாதைகள் போட்டார்கள். திருப்பத்தூரிலிருந்து கிருஷ்ணகிரிக்கு 1905இல் ஒன்று. மொரப்பூரிலிருந்து தருமபுரிக்கு 1906இல் இன்னொன்று, அது 1913இல் ஓசூர் வரை நீண்டது. கிருஷ்ணகிரிப் பாதை 1936இல் மூடப்பட்டது. ஓசூர்ப் பாதை 1941இல், போர்க்காலத்தில் போனது. போருக்கு இரும்பு வேண்டியிருந்தது, கிளைப்பாதைகளைப் பெயர்த்தெடுத்தார்கள். இன்று அங்கே மண்மேடும் பாலத்துக் கல்லும்தான் அடையாளம்.

இரும்புக்கு மறுபயன் இருக்கிறவரை அது ஓரிடத்தில் தங்காது. தண்டவாளம் வேலிக் கம்பமாகும், கொட்டகைக்கு உத்தரமாகும், மிச்சம் உலைக்குப் போகும். அருங்காட்சியகத்துக்கு வந்து சேர்ந்த சின்ன எஞ்சின்களைப் பார்த்தால், அவை வேறு எங்கும் பயன்படாததால் தப்பியவை என்று தெரியும். நீலகிரி மலைப்பாதையின் 'எக்ஸ்' வகுப்பு எஞ்சின்கள் அப்படித்தான். சுவிட்சர்லாந்தின் வின்டர்தூரில் செய்தவை. கல்லாறு - குன்னூர் ஏற்றத்தில் தண்டவாளங்களுக்கு நடுவே பல்சட்டம் உண்டு. இரண்டு சிலிண்டர் சக்கரத்தைச் சுழற்றும், இன்னும் இரண்டு அந்தப் பல்லில் மாட்டும் பல்சக்கரத்தைச் சுழற்றும். சமவெளிக்குக் கொண்டுவந்தால் அந்தப் பாதி எஞ்சினுக்கு வேலையே இல்லை. அதனால் மலையிலேயே கிடந்து பிழைத்தன. மத்திய இந்தியாவில் சாத்புரா பக்கத்து இரண்டரை அடிப் பாதைகள் 2015 வரைகூட ஓடின. இருந்த இடத்திலேயே நெடுநாள் இருந்ததால்தான் நாக்பூரில் 2002 டிசம்பரில் குறும்பாதைக்கென்றே தனி அருங்காட்சியகம் திறக்க முடிந்தது. சென்னை ஐசிஎஃப் ரயில் பெட்டித் தொழிற்சாலை வளாகத்தில் வட்டார ரயில் அருங்காட்சியகம் திறந்ததும் அதே 2002தான்.

இனி வேலைக்கு வருகிறேன். கைவிட்ட எஞ்சின் ஒன்றைப் பார்க்கப் போகும்போது முதல் நாள் நான் ஸ்பானரைத் தொட மாட்டேன். சாக்பீஸ், டார்ச், மண்ணெண்ணெய் நனைத்த துணி, நோட்டு. இவ்வளவுதான் கொண்டுபோவேன். சக்கரங்களை ஒன்றோடொன்று இணைக்கும் சைடு ராட், சக்கரத்தை ஓட்டும் கனெக்டிங் ராட், அச்சுப்பெட்டி, சிலிண்டர் மூடி, வால்வு கியர் என்று ஒவ்வொன்றையும் துணியால் துடைத்து, சாக்பீஸைப் படுக்கவைத்துத் தேய்ப்பேன். பஞ்ச் அடித்த எண்கள் பள்ளத்தில் கறுப்பாகவும் மேல்பரப்பு வெள்ளையாகவும் தெரியும். அதை நோட்டில் எழுதி, எந்தப் பக்கம், எந்தச் சக்கரம் என்று படம் போட்டுக்கொள்வேன்.

ஒருமுறை என்னோடு வந்த சின்னப் பையன் குழம்பிப்போனான்.

"மேஸ்திரி, இன்னா இது? கேபுல ஒரு நம்பர் கீது, ராடுல வேற நம்பர் கீது. யாராவது மாத்தி வச்சிட்டாங்களா?"

"மாத்தித்தான் வச்சாங்க தம்பி. அதுதான் இதோட ஜாதகம். எழுதிக்க."

ஒர்க்ஷாப்பில் வேலை பார்த்தவனுக்கு இதில் ஆச்சரியம் இல்லை. எஞ்சின் பெரிய பழுதுபார்ப்புக்கு, நாங்கள் பி.ஓ.எச். என்போம், உள்ளே வந்தால் குறித்த நாளில் வெளியே போயாக வேண்டும். அதனுடைய ராட் விரிசல் விட்டிருந்தால், பக்கத்து வரிசையில் பாய்லருக்காகக் காத்திருக்கும் எஞ்சினின் ராடைக் கழற்றி மாட்டிவிடுவோம். ராடில் பஞ்ச் அடித்த பழைய எண் அப்படியே இருக்கும். இப்படி நாற்பது ஐம்பது வருடம் ஓடிய எஞ்சினில் நாலைந்து எஞ்சின்களின் உறுப்புகள் கலந்திருக்கும். அந்த எண்களை அடுக்கிப் பார்த்தால், எந்தெந்த எஞ்சின்கள் ஒரே காலத்தில் ஒரே ஒர்க்ஷாப்பில் இருந்தன என்று தெரியும். அதிலிருந்து எந்த லைனில் ஓடியது என்பதை நெருங்கலாம்.

பித்தளைப் பெயர்த் தகடு திருடுபோன எஞ்சின் ஒன்று ஒரு முறை எங்களிடம் வந்தது. தயாரித்த கம்பெனியும் தெரியாது, ஆண்டும் தெரியாது. ஸ்மோக் பாக்ஸ் வளையத்தில், ஃபிரேமின் முன்முனையில், அச்சுப்பெட்டியின் அடியில் என்று தேடித்தேடி எண்களைச் சேர்த்தோம். ராடுகள் ஆளுக்கொரு எண்ணைச் சொன்னாலும், கழற்றி மாற்ற முடியாத இடங்களெல்லாம் ஒரே எண்ணைச் சொன்னன. ஃபிரேம் யாருடையதோ எஞ்சின் அவருடையது என்பது எங்கள் தொழிலில் எழுதாத சட்டம். அந்த எண்ணைப் பழைய பதிவேட்டில் தேடினோம், எஞ்சினுக்குப் பெயர் கிடைத்தது. அன்றிலிருந்து, மூலத் தகட்டைக் கழற்றிப் பூட்டி வைத்துவிட்டு, வெளியே வார்ப்பு நகலைத்தான் மாட்டுகிறோம்.

அடுத்தது வண்ணம். எஞ்சின் கறுப்பு என்று எல்லோரும் நினைக்கிறார்கள். உப்புத்தாளை நனைத்து, யார் கண்ணிலும் படாத மூலையில் ஒரு ரூபாய் நாணயம் அளவுக்கு வட்டமாகத் தேய்த்துப் பாருங்கள். மேலே கறுப்பு, அதற்குக் கீழே சிவப்பு ஆக்சைடு, இன்னும் கீழே பச்சையோ மண்ணிறமோ, கடைசியில் இரும்பு. எத்தனை வளையமோ அத்தனை காலம். கேபின் ஓரத்தில் மங்கிய மஞ்சள் எழுத்து தெரிந்தால் அங்கேயே நிறுத்திவிட வேண்டும். ஷெட்டின் பெயர் அதில் இருக்கலாம். மரப்பெட்டிகளில் இந்த எழுத்துகள் இன்னும் அதிகம். பெட்டியின் முனைப்பலகையில் பி.ஓ.எச். முடிந்த தேதியும், அடுத்து எப்போது திரும்பி வர வேண்டும் என்ற தேதியும் ஸ்டென்சில் அடித்திருக்கும். உள்ளே மூன்றாம் வகுப்பு என்ற எழுத்து இருந்தால், அந்த வகுப்பே 1974இல் ஒழிந்துவிட்டதால், அந்தப் பலகை அதற்கு முந்தியது என்று தெரியும். தேக்குப் பலகை மழைக்குத் தாங்கும். ஜன்னலுக்குக் கீழே ஷட்டர் இறங்குகிற பொந்தில் தண்ணீர் நின்று உளுத்துப்போகிற இடம்தான் ஆபத்து. உளுத்ததை மட்டும் வெட்டி, பழைய தேக்கிலேயே ஒட்டுப்போட்டு, ஒட்டின் உள்பக்கம் ஆண்டை எழுதிவிடுவோம். பின்னால் வருகிறவன் எது பழசு எது புதுசு என்று ஏமாறக்கூடாது.

இதில் மனசு நொந்த சம்பவம் ஒன்று உண்டு. எந்த அலுவலகம் என்று சொல்லப் போவதில்லை. மாதக்கணக்கில் துடைத்து, எழுத்துகளைக் காப்பாற்றி, மேலே நிறமற்ற வார்னிஷ் மட்டும் பூசி வைத்திருந்த பெட்டி அது. திறப்பு விழாவுக்குப் பெரியவர் வருகிறார் என்று முதல் நாள் இரவே பெயின்டர்களை அனுப்பி, பட்டி பார்த்து, பளபளவென்று எனாமல் அடித்துவிட்டார்கள். காலையில் நான் போனபோது பெட்டி புதுசாக இருந்தது. ஸ்டென்சில், தேதி, வகுப்பு எழுத்து எதுவும் இல்லை. விழாவில் எல்லோரும் நன்றாக இருக்கிறது என்றார்கள். நல்லவேளை, எழுத்துகளின் அளவும் இடமும் என் நோட்டில் இருந்தன, படமும் எடுத்திருந்தோம். பெட்டியை இழந்தாலும் அதன் கணக்கை இழக்கவில்லை.

இரும்பைக் கொல்வது மழையைவிட, மழை விட்ட பிறகு உள்ளே தங்குகிற ஈரம். ஸ்மோக் பாக்ஸின் அடியில் எப்போதோ மிஞ்சிய கரித்தூள் கிடக்கும். புகைபோக்கி வழியாக மழை இறங்கி அதை நனைத்தால், கரியில் உள்ள கந்தகம் அமிலமாகித் தகட்டைக் கீழிருந்து தின்னும். வெளியே பெயின்ட் பளபளக்கும், உள்ளே விரலை அழுத்தினால் தகடு உதிரும். அதனால் எந்த எஞ்சின் வந்தாலும் முதலில் கரியை வாரி எடுத்து, புகைபோக்கிக்கு உள்பக்கமாக மூடி போட்டு, தண்ணீர் வடிய வழி செய்வோம். பாய்லரின் வாஷ் அவுட் பிளக்குகளைக் கழற்றிக் காற்றாட விடுவோம். பாய்லரைச் சுற்றி வெப்பம் போகாமல் போர்த்தியிருக்கும் பழைய லேகிங் பெரும்பாலும் ஆஸ்பெஸ்டாஸ். அது நுரையீரலுக்கு எமன். நனைக்காமல், முகமூடி இல்லாமல் அதை யாரையும் தொட விடமாட்டேன். நாங்கள் வேலை கற்ற காலத்தில் வெறுங்கையால் பிய்த்துப் போட்டவர்கள் உண்டு.

இடம் மாற்றுவது தனிக் கலை. நெடுநாள் நின்ற எஞ்சினை அதன் சக்கரத்திலேயே இழுப்பதானால் ராடுகளைக் கழற்றிவிட வேண்டும். கழற்றும் முன் ஒவ்வொரு சக்கரத்துக்கும் கிராங்க் எந்தத் திசையில் நின்றது என்று பஞ்ச் அடித்துக்கொள்ள வேண்டும். ஒரு பக்கக் கிராங்குக்கும் மறுபக்கக் கிராங்குக்கும் தொண்ணூறு டிகிரி வித்தியாசம் இருக்கும். ராட் இல்லாத சக்கரங்கள் தனித்தனியாக உருண்டு ஆளுக்கொரு திசையில் நின்றுவிடும். அடையாளம் இல்லாவிட்டால் திரும்ப மாட்டுவதற்குள் நாக்குத் தள்ளிவிடும். நிறுத்தும் தண்டவாளமும் காட்சிப் பொருள்தான். இரண்டரை அடி எஞ்சினுக்குக் கீழே இன்றைய கனத்த அகலப்பாதைத் தண்டவாளத்தைப் போட்டால் பார்க்கிறவருக்குப் பொய்க் கணக்குச் சொல்கிறோம். மெல்லிய தண்டவாளத்தில் நின்றால்தான், ஏன் இந்தப் பாதையை மலிவாகப் போட முடிந்தது என்று சொல்லாமலே புரியும்.

இனி பிள்ளைகளின் கேள்வி. ஓடுமா? ஓட வைக்கலாம். 1855இல் இங்கிலாந்தின் லீட்ஸில் கிட்சன் கம்பெனி செய்த 'இ.ஐ.ஆர். 21' எஞ்சினை 2010இல் பெரம்பூர் லோகோ ஒர்க்ஸில் உயிர்ப்பித்து ஓட்டினார்கள். வேல்ஸ் நாட்டில் டாலிலின் என்ற சின்னப் பாதையை 1951இலிருந்து தொண்டர்களே ஓட்டுகிறார்கள், உலகில் அப்படித் தொண்டர்கள் கையில் எடுத்த முதல் ரயில்பாதை அதுதான். ஓடுகிற எஞ்சினைப் பார்த்த பிள்ளை வாழ்நாள் முழுக்க மறக்காது. ஆனால் ஓடினால் தேயும். ஸ்டே போல்ட், டியூப், ஃபயர் பாக்ஸ், பேரிங் என்று ஒவ்வொன்றாக மாற்றிக்கொண்டே வந்தால், சில காலத்தில் பழைய எண் பஞ்ச் அடித்த உறுப்புகளெல்லாம் ஸ்கிராப்பில் கிடக்கும். நீலகிரியில் இதற்கு ஒரு வழி கண்டார்கள். திருச்சி பொன்மலை ஒர்க்ஷாப்பில் 2011 முதல் அதே எக்ஸ் வகுப்பில் எண்ணெயில் எரியும் புது எஞ்சின்களைச் செய்து மலைக்கு அனுப்பினார்கள். எனக்குச் சம்மதமான வழி அதுதான். ஏற்றத்துக்குப் புதுசு போகட்டும். பழசு தன் எண்களோடு நிற்கட்டும். அதோடு இன்னொரு நன்மை, ஒரு நீராவி எஞ்சினை அடியிலிருந்து செய்யத் தெரிந்த கைகளும் இதனால் மிஞ்சின.

எண்ணுக்கும் நோட்டுக்கும் இவ்வளவு மரியாதை எதற்கு என்று கேட்பவர்களை எங்கள் ஊர் வேங்கடேசப் பெருமாள் கோயிலுக்குக் கூட்டிப்போவேன். அங்கே பதினோராம் நூற்றாண்டு வீரராசேந்திர சோழன் காலத்துக் கல்வெட்டு ஒன்று இருக்கிறது. கோயிலைச் சேர்ந்து வேதம் படிக்க ஒரு பள்ளியும், மாணவர் தங்க விடுதியும், பதினைந்து படுக்கை கொண்ட ஆதுலர்சாலையும் நடந்ததை அது சொல்கிறது. மருத்துவர் கோதண்டராமன் அசுவத்தாம பட்டன். அறுவை செய்ய ஒருவர். மூலிகையும் விறகும் கொண்டுவர ஆட்கள். நோயாளிகளைக் கவனிக்கப் பெண்கள். யாருக்கு எவ்வளவு நெல், எவ்வளவு காசு, எந்தெந்த மருந்து இருப்பில் இருக்க வேண்டும் என்று வாசாஹரீதகி உட்பட வரிசையாக வெட்டியிருக்கிறார்கள். அந்த ஆதுலர்சாலையின் ஒரு கட்டிலோ உரலோ இன்று இல்லை. ஆனாலும் ஆயிரம் வருடத்துக்கு முன்னால் இங்கே ஒரு மருத்துவமனை எப்படி நடந்தது என்று மருத்துவ வரலாறு எழுதுகிறவர்கள் எங்கள் ஊர்ப் பெயரைச் சொல்லி எழுதுகிறார்கள். கட்டிலைப் பாதுகாத்துக் கணக்கைத் தொலைத்திருந்தால் நமக்கு மிஞ்சுவது பழைய மரக்கட்டை. அரக்கோணம் - காஞ்சிபுரம் மூன்றரை அடிப் பாதைக்கு அப்படி ஒரு கல்வெட்டை யாரும் வெட்டி வைக்கவில்லை.

இப்போது என்னிடம் வேலை கற்கும் பிள்ளைகளுக்குத் துரு எடுக்கக் கற்றுக்கொடுப்பது பிறகுதான். முதலில் நோட்டுப் போடச் சொல்லித் தருகிறேன். பொருள் எது, எங்கிருந்து வந்தது, யார் கொடுத்தார், என்ன எண், எந்த இடத்தில், நாம் எதைத் தொட்டோம், எதை மாற்றினோம். இந்த ஏழு கட்டமும் நிரம்பாமல் பிரஷ் கையில் வராது. "இத்தினிக்கும் எழுதணுமா மேஸ்திரி?" என்று முதலில் முனகுவார்கள். இரண்டாவது கேள்வியோடு ஒரு பெரியவர் வந்து நின்று, நோட்டைப் பார்த்துப் பதில் சொன்ன பிறகு முனக மாட்டார்கள்.

அரக்கோணத்துக்கும் காஞ்சிபுரத்துக்கும் நடுவில் இருக்கிறவர்களுக்கு ஒரு வேலை சொல்லி முடிக்கிறேன். உங்கள் வீட்டு உத்தரமாகவோ, தோட்டத்து வேலிக் கம்பமாகவோ, மாட்டுக் கொட்டகைத் தூணாகவோ பழைய தண்டவாளத் துண்டு நிற்கலாம். தண்டவாளத்தின் இடுப்புப் பகுதியில், ஆலையில் உருட்டும்போதே கம்பெனிப் பெயரும் ஆண்டும் பதிப்பது வழக்கம். துணியால் துடைத்து, சாக்பீஸைப் படுக்கவைத்துத் தேய்த்துப் பாருங்கள். 1878க்கு முந்தைய ஆண்டு தெரிந்தால் சுரண்டாதீர்கள், பெயின்ட் அடிக்காதீர்கள், காயலான் கடைக்குப் போடாதீர்கள். படம் எடுத்து, எந்த ஊர், எந்தத் தெரு, யார் காலத்தில் நட்டது என்று பின்னால் எழுதி, சென்னை ரயில் அருங்காட்சியகத்தில் கொண்டுபோய்க் கொடுங்கள். அந்தப் பாதையில் ஓடிய எஞ்சின் இனிக் கிடைக்கும் என்ற நம்பிக்கை எனக்கு இல்லை. அதன் தண்டவாளம் எவ்வளவு கனம், எந்த ஊரில் உருட்டியது என்பதாவது எழுத்தில் ஏறினால் போதும், அதற்கும் ஒரு பதில் சொல்லலாம்.